ஏட்டில் ஏறினால் இசை சாகுமா?

பிரேஸில் நாட்டுப் பொதுமக்களின் இசையைச் சுரக்குறிப்பைப் பார்த்து வாசித்தல் தகாது என்று கூறுவோர் உளர். தாளில் ஏற்றினால் அதன் உயிர் போய்விடுமாம்! ஏழையின் கலைக்கு எழுத்து எதற்கு என்பதே இவ்வாதத்தின் உட்பொருள் என்பதை வாசகர்கள் கவனிப்பார்களாக.

1870-ஆம் ஆண்டுகளில் ரியோ டி ஜெனிரோ நகரில் ‘ஷோரோ’ என்னும் இசை வளர்ந்தது. அக்குழுக்களில் குறிப்பைப் படிக்கத் தெரிந்தவர் பெரும்பாலும் புல்லாங்குழல் ஊதுபவர் ஒருவரே. கித்தார்காரர்கள் செவிவழியே துணை வாசித்தனர். ஏடும் செவியும் ஒரே பாயில் அமர்ந்திருந்தன. அடிமைப் பெண்ணொருத்தியின் பேர்த்தியாகிய ஷிக்கின்யா கொன்சாகா அம்மையார் 1877-இல் தம் ‘அத்ராயெந்தே’யை அச்சேற்றினார். உயிர் போயிற்றா?

1916-இல் நிகழ்ந்ததோ வேறு. ‘பெலு டெலிஃபோனி’ என்னும் சம்பாப் பாட்டை டொங்கா என்பவர் தேசிய நூலகத்தில் தம் பெயரால் பதிவு செய்துகொண்டார். சியாத்தா அம்மையார் வீட்டில் பலர் கூடிப் பின்னிய பாட்டன்றோ அது என்று கூட்டாளிகள் பூசலிட்டனர். எழுதிக் கொடுத்தவர் பெயர் நின்றது. “காதே போதும்” என்று உபதேசிப்போர் இதற்கு என்ன விடை தருவர்?

குறில், நெடில், குறில் என வரும் அவ்விசையின் துள்ளல் நடையைக் கணக்குப் பிசகாது வாசித்தால், சுண்ணாம்பின்றி வெற்றிலை மென்றது போலிருக்கும், மெய்தான். வட்டமாய்க் கூடி வாசிக்கும் ‘ரோடா’வில் உட்கார்ந்தே அதனைக் கற்கவேண்டும். அதற்காகத் தாளைக் கிழிப்பதா?

குறிப்பு வேண்டாம் என்போர், முதலில் தத்தம் பிள்ளைகளின் பியானோப் புத்தகங்களை எறிந்துவிட்டு வரட்டும்; பிறகு பேசுவோம்.