கழற்ற முடியாத போ டை

'பார்ட்டி டவுன்' 2009 மார்ச்சில் அமெரிக்காவின் ஸ்டார்ஸ் சேனலில் தொடங்கிய நகைச்சுவைத் தொடர். ஜான் என்பாம், ராப் தாமஸ், டான் எதரிட்ஜ், பால் ரட் ஆகிய நால்வர் இதை உருவாக்கினார்கள். லாஸ் ஏஞ்சலஸில் விருந்துகளுக்கு உணவும் மதுவும் பரிமாறும் ஒரு கேட்டரிங் குழுவின் கதை இது. எபிசோடுக்கு ஒரு விருந்து: ஒரு நாள் பணக்காரக் குடியிருப்பில், இன்னொரு நாள் ஏதோ ஒரு நிறுவனத்தின் கூட்டத்தில். விருந்தினர்கள் மாறிக்கொண்டே இருப்பார்கள். வெள்ளைச் சட்டையும் இளஞ்சிவப்பு போ டையும் அணிந்த அதே ஆறேழு பேர் தட்டோடு வந்து நிற்பார்கள்.

வேலையிடத்தைக் களமாகக் கொண்ட நகைச்சுவைத் தொடர்களில் பாத்திரங்கள் அதிகம் மாறுவதில்லை. மாறிவிட்டால் அடுத்த வாரம் பார்க்க ஆள் வராது என்ற வணிகக் கணக்கு அதற்குக் காரணம். 'பார்ட்டி டவுன்' அந்த நிர்ப்பந்தத்தையே கதைப்பொருளாக்கிக்கொண்டது. குழுவில் ஒருவரைத் தவிர மற்ற எல்லோருக்கும் இது இடைக்கால வேலை. நடிகராகும்வரை, திரைக்கதை விலைபோகும்வரை செய்தால் போதும் என்றுதான் வந்திருக்கிறார்கள். அந்த 'வரை' வருவதே இல்லை. எனவே ஒருவர் எவ்வளவு உயர்ந்தார் என்பதை வைத்து இங்கே வளர்ச்சியை அளக்க முடியாது. அதே இடத்துக்குத் திரும்பி வரும்போது அந்த வேலையை எந்தக் கண்ணோடு பார்க்கிறார் என்பதே அளவுகோல்.

ஆடம் ஸ்காட் நடித்த ஹென்றி போலார்டு தொடங்குவதே தோல்வியில். ஒரு பியர் விளம்பரத்தில் அவன் பேசிய ஒற்றை வசனம் ஊருக்கெல்லாம் தெரியும். அதன் பிறகு வேறு வேடம் கிடைக்கவில்லை. நடிப்பைக் கைகழுவிவிட்டுப் பழைய கேட்டரிங் வேலைக்கே வந்து நிற்பவனிடம் விருந்தினர்கள் அந்த வசனத்தைச் சொல்லச் சொல்லிக் கேட்கிறார்கள். ஆசையை விட்டவனின் நிம்மதி அவனிடம் தெரிகிறது. அது நிம்மதியல்ல, பயம் என்று காட்டுவதற்குத் தொடர் இரண்டு சீசன்களை எடுத்துக்கொள்கிறது. வேலையைச் சிரத்தையில்லாமல் செய்வதாலேயே அவன் அதில் திறமைசாலியாகத் தெரிவது இந்தத் தொடரின் நுட்பமான கேலி.

கென் மரினோவின் ரான் டொனால்டு நேர் எதிர். இந்த வேலையை மனதார மதிக்கும் ஒரே ஆள் அவன்தான். குடியிலிருந்து மீண்டவன். குழுத்தலைவன் பதவியைப் படிக்கல்லாக்கி, சூப் மட்டுமே விற்கும் ஒரு உணவகச் சங்கிலியின் கிளையை நடத்துவது அவன் கனவு. முதல் சீசனின் முடிவில் கனவு கைகூடுகிறது. இரண்டாவது சீசன் தொடங்கும்போது தலைவன் ஹென்றி. கடை நொடித்துப்போன ரான், அவனுக்குக் கீழே பரிமாறத் திரும்பி வருகிறான். பதவியை வேண்டாதவன் மேலே, உயிரைக் கொடுத்தவன் கீழே. இந்த ஒரு இடமாற்றம் இருவரையும் பற்றிச் சொல்வதைப் பத்துப் பக்க வசனம் சொல்லிவிடாது.

லிஸ்ஸி கேப்லன் நடித்த கேஸி கிளைன், நகைச்சுவைக் கலைஞராகத் துடிப்பவள். ஹென்றியோடு அவளுக்குள்ள காதல் வழக்கமான தொலைக்காட்சிக் காதல் அல்ல. ஆசையை விட்டவனுக்கும் விடாதவளுக்கும் நடக்கும் நெடிய வாக்குவாதம் அது. ஒரு பெரிய படத்தில் அவள் நடித்த பகுதி வெட்டப்படுகிறது. அவளைத் தேற்ற வேண்டிய இடத்தில், தேற்றும் தகுதி தனக்கு உண்டா என்ற கேள்வி ஹென்றிக்கு எழுகிறது. இரண்டாவது சீசனின் கடைசிக் காட்சியில் அவன் நடிகர் தேர்வுக்குப் போகிறான். தேர்வானானா என்று தொடர் சொல்லவில்லை. சொல்லாமல் விட்டதே சரி.

குழுவிலுள்ள கைலும் ரோமனும் ஏறக்குறைய வளர்வதே இல்லை. ஒருவனுக்கு அழகு மீது நம்பிக்கை, இன்னொருவனுக்குத் தன் அறிவியல் புனைகதை மீது கர்வம். இருவரும் சண்டையிட்டுக்கொண்டே இருப்பதால்தான் மற்றவர்களின் மாற்றம் கண்ணில் படுகிறது. குழுவில் கான்ஸ்டன்ஸாக நடித்த ஜேன் லிஞ்ச் 'க்ளீ' தொடருக்குப் போனதால் அந்த இடத்துக்கு மேகன் முலாலி வந்தார். தன் மகளை நட்சத்திரமாக்கத் துடிக்கும் தாயாக அவர் வந்ததில், கனவை அடுத்த தலைமுறையின் தலையில் சுமத்தும் இன்னொரு முகமும் கதைக்குக் கிடைத்தது.

20 எபிசோடுகளோடு 2010இல் நிறுத்தப்பட்ட தொடர், 2023இல் 6 எபிசோடுகளோடு திரும்பியது. ஹென்றி இப்போது ஆங்கில ஆசிரியர். மணமுறிவுக்குப் பின் பணத்தேவைக்காக மீண்டும் போ டை அணிகிறான். இளமையில் இடைக்காலமாகத் தெரிந்த வேலை நடுவயதில் வேறு கனம் பெறுகிறது. அதற்குத் தனி வசனமே தேவைப்படவில்லை, நடிகர்களின் முகங்களே போதும். ஆனால் தேதி ஒத்துவராததால் லிஸ்ஸி கேப்லன் கடைசியில் சிறிது நேரமே தலைகாட்டினார். ஜெனிபர் கார்னர் நடித்த புதிய காதலி இதமானவள்தான்; ஹென்றியை எதிர்த்து வாதிட அவளிடம் எதுவும் இல்லை. மூன்றாவது சீசன் முந்தைய இரண்டை எட்டாமல் போனது அதனால்தான்.