ஜாவர் சீதாராமனின் இரண்டு உத்தியோகங்கள்

நடித்த படத்தின் பெயரையே தம் பெயரோடு ஒட்ட வைத்துக் கொண்ட நடிகர்கள் தமிழ்நாட்டில் உண்டு. குலதெய்வம் ராஜகோபால் ஒருவர் போதாதா? ஆனால், பிரெஞ்சு ஆசிரியர் ஒருவர் கற்பனை செய்த போலீஸ் இன்ஸ்பெக்டரின் பெயரை ஏற்றுக் கொண்டு, கடைசி வரையில் அதை இறக்கி வைக்காதிருந்தவர் ஜாவர் சீதாராமன்தாம்.

விக்டர் ஹியூகோவின் பெரிய நாவலைக் கவி யோகி சுத்தானந்த பாரதியார் 'ஏழை படும் பாடு' என்று தமிழாக்கினார். 1950-இல் அது பேசும் படமாயிற்று. நாகய்யாவை ஈவிரக்கமின்றித் துரத்தும் ஜாவராக வந்தார் சீதாராமன். அன்று முதல் சொந்தப் பெயர் பின்னுக்குப் போய், வேஷத்தின் பெயர் முன்னுக்கு வந்துவிட்டது. 1959-இல் 'வீரபாண்டிய கட்டபொம்ம'னில் பானர்மன் துரையாக வந்ததும் அவரே. வெள்ளைக்காரனாக நடித்து ஜனங்களின் வசவை வாங்கிக் கட்டிக் கொள்வதும் ஒரு தேசத் தொண்டு அல்லவா?

ரஸிகர்கள் இந்த முகத்தை நினைவில் வைத்திருக்கிறார்கள். அவர் கையிலிருந்த பேனாவை மறந்துவிட்டார்கள். இது நமக்குப் பெரிய மனக்குறை. 'களத்தூர் கண்ணம்மா', 'உயர்ந்த மனிதன்' ஆகியவை அவருடைய எழுத்து. 'உடல் பொருள் ஆனந்தி' என்ற அவருடைய தொடர்கதைக்காக ஒரு தலைமுறையே காத்துக் கிடந்தது.

"எல்லாம் இரவல் சரக்கு" என்பார்கள் சில அன்பர்கள். இரவல் உண்டுதான். 1949-இல் எரிக் கெஸ்ட்னர் என்ற ஜெர்மானியர், பிரிந்த பெற்றோரை ஒன்று சேர்க்கும் இரட்டைச் சிறுமிகளின் கதையை எழுதினார். மறு வருஷம் அது ஜெர்மன் படமானபோது திரைக்கதை எழுதியதோடு கதை சொல்லும் குரலும் அவரே கொடுத்தார். அந்தக் கதை அமெரிக்கா போய், 1965-இல் கோடம்பாக்கத்துக்கு வந்து, ஜாவரின் கையில் 'குழந்தையும் தெய்வமும்' ஆயிற்று. 1967-இல் வந்த 'பட்டணத்தில் பூதம்' ஆங்கிலேயச் சரக்கு. ஆனால், ஜீபூம்பாவை இங்கிலீஷ் பூதம் என்று எந்தக் குழந்தையாவது சொன்னதுண்டா? அந்தப் பூதமும் ஜாவரே.

நம்முடைய அபிப்பிராயத்தில் அவருடைய மகுடம், வீணை பாலசந்தர் டைரக்ட் செய்த 'அந்த நாள்' (1954). பாட்டுக் கச்சேரிக்கு நடுவே கொஞ்சம் கதையும் காட்டிக் கொண்டிருந்த காலத்தில், அதில் ஒரு பாட்டுக்கூட இல்லை! 1943-இல் ஜப்பான் விமானம் சென்னையில் குண்டு போட்டதற்கு மறுநாள் ரேடியோ எஞ்சினீயர் ராஜன் சுடப்பட்டுக் கிடக்கிறான். ஒவ்வொருவரும் ஒவ்வொரு விதமாகச் சாட்சி சொல்கிறார்கள். இந்த முறை ஜப்பானியர் குரோசாவாவின் 'ராஷோமா'னை நினைவூட்டும். ராஜனின் மனக்கசப்போ நம் நாட்டுக்கே உரியது. ஏழைகளுக்கு மலிவான ரேடியோ செய்ய வேண்டும் என்று துடித்தவன், ஆதரவு கிட்டாமல் நொந்து, தேசத் துரோகியாகிறான். துரோகத்தை மன்னிக்காமலே துரோகியின் மனத்தைத் திறந்து காட்டுவது லேசான காரியமல்ல.

சுங்குவார்சத்திரத்துப் பக்கம் இன்று ஆயிரக்கணக்கான பெண்கள் கைபேசிகளைப் பொருத்திக் கொடுக்கிறார்கள். அந்தக் கைபேசியிலேயே 'அந்த நா'ளைப் பார்க்கலாம். கருவியின் திட்டம் கடலுக்கு அப்பாலிருந்து வருகிறது. பொருத்தும் கைகள் நம்முடையவை. ராஜனைப் போல் சொந்தமாக ஒன்று செய்யத் துடிக்கும் பிள்ளை அந்த வட்டாரத்தில் இருந்தால், அவனுக்குக் கை கொடுப்பவர் யார்? ஜாவர் எழுப்பிய கேள்விக்கு இன்னும் வயதாகவில்லை.

அவர் 1971-இல் காலமானார்.

'அந்த நா'ளை மறுபடி பார்க்கும் நேயர்கள் அதில் வரும் துப்பறியும் அதிகாரியைச் சற்றுக் கவனிக்க வேண்டும். சாட்சிகள் சொல்வதையெல்லாம் புதிதாகக் கேட்பவர்போல் கேட்டுக் கொள்கிறாரே, அவர்தாம் ஜாவர் சீதாராமன். அத்தனை சாட்சியங்களும் அவரே எழுதிக் கொடுத்தவை!