ஏ சர்டிபிகேட்டும் எட்டு வயசுப் பையனும்

2023-ல ‘ஜெயிலர்’ வந்தப்போ அக்கா பையனைக் கூட்டிக்கிட்டு வெள்ளிமலையில பஸ் ஏறி கள்ளக்குறிச்சிக்கு வந்தேன். அவனுக்கு அப்போ எட்டு வயசு. ரஜினி கத்தியை வீசி ஒருத்தன் தலை தனியா விழுந்ததும் தியேட்டர் முழுக்க விசில். பையன் மட்டும் என் கையை இறுக்கிப் பிடிச்சுக்கிட்டான். திரும்பி மலை ஏறுற வரைக்கும் "மாமா, அந்தத் தலை நிஜமா?"ன்னு கேட்டுக்கிட்டே வந்தான்.

படத்துக்கு யு/ஏ. அதாவது சின்னப் பசங்க பெரியவங்க துணையோட பார்க்கலாம். துணைக்குப் போன பெரியவன் நான்தான்!

சரி, விஷயத்துக்கு வர்றேன். 2025 ஆகஸ்ட்ல ‘கூலி’ வந்துச்சு. வன்முறை அதிகம்னு தணிக்கை வாரியம் ஏ கொடுத்தது. சில காட்சிகளை வெட்டினா யு/ஏ கிடைச்சிருக்கும். தயாரிப்பாளர் வெட்டாம ஏ-யோடவே ரிலீஸ் பண்ணிட்டு, அப்புறமா யு/ஏ வேணும்னு சென்னை உயர் நீதிமன்றத்துக்குப் போனாங்க. ‘கே.ஜி.எஃப்’, ‘பீஸ்ட்’டுக்கெல்லாம் கொடுத்தீங்களேன்னு வாதம். மனு தள்ளுபடி ஆயிடுச்சு.

நான் பி.காம். படிக்கிறவன், எனக்குக் கணக்குதான் முதல்ல கண்ணுல படும். ஏ-ன்னா குடும்பமா வர்ற கூட்டம் போச்சு. டிவியில அப்படியே போட முடியாது, அந்த உரிமையோட விலையும் இறங்கும். ஆக, இந்தச் சண்டையில கருத்துச் சுதந்திரத்தைவிட டிக்கெட்தான் பெரிசுன்னு எனக்குத் தோணுது.

அதுக்காகப் படத்தை வெட்டச் சொல்லலை. ‘விசாரணை’யில (2016) லாக்கப் அடியை வெட்டியிருந்தா அந்தப் படமே இல்லை. வன்முறை பார்க்கிறவனுக்கு வலிக்கணும். ரத்தத்தை மட்டும் வெட்டிட்டா வலி போயிடும், விசில் மட்டும் மிஞ்சும். பெரியவங்க எதை வேணா பார்க்கட்டும், வயசு மட்டும் சரியா குறிச்சிருக்கட்டும்.

2024-ல யு/ஏ-வை 7, 13, 16 வயசுன்னு மூணாப் பிரிச்சாங்க. நல்லதுதான். ஆனா அதை வச்சு முடிவெடுக்க வேண்டியது பெத்தவங்க மட்டும்தான், தியேட்டர்காரர் தடுக்க முடியாது. ஏ படத்துக்கு 18 வயசு ஆகாதவங்களை உள்ளே விட்டாதான் குற்றம். மத்ததெல்லாம் நம்ம பொறுப்பு. அன்னிக்கு நான் போஸ்டர்ல ரஜினி முகத்தைப் பார்த்தேன், மூலையில இருந்த ரெண்டு எழுத்தைப் பார்க்கலை.

‘கூலி’க்கும் கூட்டிட்டுப் போகச் சொல்லி அக்கா பையன் கேட்டான். பத்து வயசு. முடியாதுன்னுட்டேன். ரெண்டு நாள் பேசலை. பரவாயில்லை.