பற்றை விட வேண்டியது யார்?

“பற்றை விடு, துக்கம் போய்விடும்” என்று உபதேசம் செய்பவர்களுக்கு எந்தத் தேசத்திலும் எந்தக் காலத்திலும் குறைவு இருந்ததில்லை. அந்த உபதேசம் வயிறு நிறைந்தவன் வாயிலிருந்து புறப்பட்டு, வயிறு காய்ந்தவன் காதில் போய் விழுவதுதான் வழக்கம். இந்த உபதேசத்தை விசாரணைக்கு இழுத்த ஒரு சினிமாவைப் பற்றி இங்கு எழுதுகின்றோம்.

தென் கொரியாவில் பே யோங் கியூன் என்னும் ஓவியர் எடுத்து 1989-ம் வருஷத்தில் வெளியான அப்படத்திற்கு “போதிதருமர் கிழக்கே போனது ஏன்?” என்று பெயர். கதை எழுதுவது, நடிப்பவர்களை நடத்துவது, படம் பிடிப்பது, வெட்டி ஒட்டுவது ஆகிய எல்லா வேலைகளையும் அவர் ஒருவரே பல வருஷ காலம் பாடுபட்டுச் செய்தார். அதே வருஷம் சுவிட்சர்லாந்து தேசத்து லொகார்னோ விழாவில் அதற்கு முதற் பரிசாகிய தங்கச் சிறுத்தை கிடைத்தது.

கதை சிறியது. மலைமேல் ஒரு பழைய பௌத்த மடம். அங்கே சாகும் தறுவாயிலுள்ள ஒரு கிழத் துறவி, கிபோங் என்னும் வாலிபத் துறவி, ஓர் அனாதைச் சிறுவன் ஆகிய மூவர் இருக்கின்றனர். கிபோங் கண் தெரியாத தன் தாயை நகரத்து வறுமையில் விட்டுவிட்டு ஞானம் தேடி வந்தவன். சிறுவன் கல்லெறிந்து ஒரு பறவையை அடித்துவிடுகிறான். பிறகு அதை எடுத்து வளர்க்கப் பார்க்கிறான். அது செத்துப் போகிறது. கிழவரும் சாகிறார். அவர் விரும்பியபடியே கிபோங் ஒருவனாகவே உடலைச் சுமந்து சென்று இரவெல்லாம் எரிக்கிறான். ஊர்வலமில்லை, புரோகிதக் கூட்டமில்லை, தட்சணையில்லை. எரிந்தது சாம்பலாயிற்று, சாம்பல் மண்ணோடும் நீரோடும் சேர்ந்தது. அவ்வளவுதான் சாவு.

இதைப் பார்த்துவிட்டு, “ஆகவே தாயும் பந்தம், குடும்பமும் பந்தம், எல்லாவற்றையும் உதறு” என்று ஒருவர் சொல்லுவாரானால், அவரை நாம் ஒன்று கேட்கின்றோம். நிலையான ஆத்மா என்று ஒன்று இல்லை என்பதுதானே புத்தர் கொள்கை? ஆத்மாவே இல்லையென்றால், கண் தெரியாத தாயைத் தவிக்க விட்டுவிட்டுக் கிபோங் சம்பாதிக்கப் போகும் விடுதலை யாருக்கு? “என் முக்தி, என் ஞானம்” என்பதைவிடப் பெரிய பற்று உலகத்தில் வேறு என்ன இருக்கின்றது?

“புத்தரே மனைவியையும் பிள்ளையையும் விட்டுப் போகவில்லையா?” என்று கேட்கலாம். போனார் என்றுதான் சொல்லப்படுகின்றது. ஆனால் அவர் விட்டுப் போனது அரண்மனையில். கிபோங்கின் தாய்க்கு அரண்மனை ஏது? சேவகர் ஏது?

படம் எடுத்தவர் இதை மறைக்கவில்லை என்பதே அவருடைய யோக்கியதை. குருவுக்கு மருந்து வாங்க நகரத்திற்கு இறங்கிய கிபோங், தாயின் வீட்டிற்குப் போய் அவள் தடவித் தடவி நடமாடுவதைப் பார்க்கிறான். அந்தக் காட்சி ஆயிரம் சூத்திரங்களுக்குப் பதில் சொல்லுகின்றது. கடைசியில் கிழவரின் சில சாமான்களைச் சிறுவனிடம் கொடுத்துவிட்டு அவன் மடத்தை விட்டுப் புறப்படுகிறான். எங்கே போகிறான் என்பதைப் படம் சொல்லவில்லை. நம்மைக் கேட்டால், தாயிடம் போகட்டும் என்போம்.

போதிதருமர் காஞ்சிபுரத்து அரசகுமாரர் என்ற கதையை வைத்துக்கொண்டு நம்மவர்கள் சிலர் பெருமை பேசுவதுண்டு. அவர் எந்த ஊரில் பிறந்தார் என்ற பெருமையினால் யாருடைய துக்கமும் தீராது.

செத்தவருக்கு நம்மிடம் ஆகவேண்டியது ஒன்றுமில்லை. ஒரு கட்டு விறகு போதும். உயிரோடிருப்பவர்களுக்கோ ஆகவேண்டியது எவ்வளவோ இருக்கின்றது. பிணத்தின் மேலுள்ள பற்றையும், மோட்சத்தின் மேலுள்ள பற்றையும் முதலில் விடுங்கள். பசித்த மனிதன் மேலுள்ள பற்றை மாத்திரம் விடாதீர்கள். அதையும் விட்டவனுக்கு ஞானி என்று பெயர் வைப்பது எந்த நியாயம் என்பதை வாசகர்களே யோசித்துக் கொள்ளட்டும்.