மௌனத்தின் பொருள்

துருக்கிய நாட்டார் பாடல்களில் 'குர்பெத்' என்னும் சொல் அடிக்கடி ஒலிக்கும். ஊரையும் உறவையும் பிரிந்து அயலிடத்தில் வாழும் நிலையே குர்பெத். 1961-இல் மேற்கு ஜெர்மனியுடன் தொழிலாளர் ஒப்பந்தம் ஏற்பட்டபின், எண்ணற்ற இல்லங்களுக்கு அச்சொல் சொந்த அனுபவமாயிற்று. சென்றவர் நம்மை மறந்துவிடுவாரோ என்னும் அச்சத்தை அப்பாடல்கள் வாய்விட்டுப் பாடுகின்றன.

அதே அச்சத்தை நெஞ்சுக்குள் பூட்டிவைத்தவன் கதையொன்று உண்டு. சபாஹத்தின் அலி எழுதி, 1943-இல் நூலாக வெளிவந்த 'உரோம மேலாடை அணிந்த மடோனா' என்னும் நாவல் அது. துருக்கிய இளைஞன் ரயீஃப், பெர்லின் நகரில் மரியா என்னும் ஓவியரை நேசிக்கிறான். தந்தையின் மரணம் அவனைத் தாய்நாட்டுக்கு அழைக்கிறது. சிலகாலம் அவளிடமிருந்து கடிதங்கள் வருகின்றன, பின்பு நின்றுவிடுகின்றன. தான் கைவிடப்பட்டதாக அவன் தனக்குள் தீர்ப்பெழுதிக்கொள்கிறான். வேறொருத்தியை மணந்து மக்களைப் பெற்றும், எவரையும் நம்பாமல், தன் வீட்டிலேயே அந்நியனாய் வாழ்கிறான். பத்தாண்டுகளுக்குப் பின்னரே உண்மை தெரிகிறது. அவனுடைய குழந்தையை ஈன்றபின் மரியா இறந்துபோயிருந்தாள். அவள் அவனைக் கைவிடவே இல்லை.

மரணத்தை அவனால் தடுத்திருக்க இயலாது. தேடிச் சென்று விசாரியாமல் கொண்ட முடிவோ அவன் கையில் இருந்தது.

அன்பார்ந்த இல்லத்தோரே, நமக்கு நெருங்கியவர் மௌனமாகும்போது, "என்னை வெறுத்துவிட்டார்" என்று அச்சம் முந்திக்கொண்டு விடை கூறும். அம்மௌனத்தின் பின்னே நோயோ துயரோ இருக்கலாம். முடிவு கட்டுமுன் அவரையே கேட்டறிவோம்.