டிக்ரி ஜெயித்தவனுக்கு, பூமி தோற்றவனுக்கா?

கோர்ட்டில் ஜெயிப்பது ஒன்று, ஜெயித்த நிலத்தில் கால் வைப்பது வேறொன்று என்பது கோர்ட்டு வாசலை ஒரு தடவையாவது மிதித்தவர்களுக்குத் தெரியாத சங்கதியல்ல. இதை நாம் புதிதாகக் கண்டுபிடித்துச் சொல்லவில்லை. லண்டனில் இருந்த பிரிவி கவுன்சில் 1872-ம் வருஷத்திலேயே, இந்தியாவில் வழக்காடுகிறவனுக்குக் கஷ்டம் ஆரம்பிப்பதே டிக்ரி வாங்கிய பிறகுதான் என்று சொல்லிவிட்டது. வெள்ளைக்காரனும் போய்விட்டான். பிரிவி கவுன்சிலும் போய்விட்டது. அந்தக் கஷ்டம் மாத்திரம் போகவில்லை.

நடப்பது என்ன? ஒரு ஏழை விவசாயியின் இரண்டு ஏக்கரைப் பணக்காரன் ஒருவன் வளைத்துக் கொள்கிறான். விவசாயி தாவா போடுகிறான். முனிசீப் கோர்ட்டு, பிறகு அப்பீல், பிறகு ஐக்கோர்ட்டு என்று ஏறி இறங்கி, தலை நரைத்தபின் ஜெயிக்கிறான். ஜெயித்ததும் நிலம் வந்துவிடுகிறதா? அதுதான் இல்லை. டிக்ரியை நிறைவேற்றித் தரும்படி மறுபடியும் ஒரு மனுப் போட வேண்டும். அமீனா நிலத்துக்குப் போனால் பத்துப் பேர் மறிக்கிறார்கள். போலீஸ் பந்தோபஸ்துக்கு ஒரு மனு, எல்லை தெரியவில்லை என்று சர்வேயருக்கு ஒரு மனு. இவை முடிவதற்குள் தோற்றவனுடைய மைத்துனன் புறப்பட்டு வந்து, “இந்த நிலம் என் குத்தகையில் இருக்கிறது” என்று ஒரு ஆட்சேப மனுப் போடுகிறான். அதற்கு ஒரு விசாரணை, அதன் மேல் ஒரு அப்பீல்!

சட்டத்தில் வழியில்லை என்று யாரும் சொல்ல முடியாது. 1908-ம் வருஷத்து சிவில் நடைமுறைச் சட்டம் 21-வது ஆர்டரில், டிக்ரிக்குக் கட்டுப்பட்டவன் வெளியேற மறுத்தால் அவனை அகற்றியே சுவாதீனம் கொடுக்கலாம் என்று இருக்கிறது. நியாயமின்றித் தடுத்தவர் தொடர்ந்து தடுத்தால் 30 நாள் வரை சிவில் சிறையில் வைக்கலாம் என்றும் இருக்கிறது. டிக்ரியை 6 மாதத்துக்குள் நிறைவேற்ற வேண்டும் என்று சுப்ரீம் கோர்ட்டு 2021-ல் உத்தரவிட்டது. 2025 மார்ச்சில் மறுபடியும் சொல்லிற்று. அந்த வருஷம் அக்டோபரில் எண்ணிப் பார்த்தபோது, நாடு முழுவதும் நிறைவேற்று மனுக்கள் 8 லட்சத்து 82 ஆயிரத்துக்கு மேல் தேங்கிக் கிடந்தன. இவற்றில் பண டிக்ரிகளும் சேர்ந்தவைதான். ஆனாலும் இத்தனை மனுக்களும் ஜெயித்தவர்களுடைய மனுக்கள் அல்லவா?

இந்தத் தாமதத்தால் யாருக்கு லாபம்? நிலத்தில் இருப்பவனுக்கு ஒவ்வொரு வாய்தாவும் ஒரு போகம் விளைச்சல். அந்த விளைச்சலை விற்றே அவன் அடுத்த வக்கீலுக்குப் பீஸ் கட்டுகிறான். அதாவது வாதியின் நிலமே வாதிக்கு விரோதமாக வழக்காடுகிறது! பொய் ஆட்சேபம் சொன்னவனுக்குச் சாதாரண சிவில் தாவாவில் விதிக்கக்கூடிய நஷ்டஈட்டுச் செலவுத் தொகையோ 3,000 ரூபாய்க்கு மேல் போகக்கூடாதாம். இவ்வளவு மலிவாகக் கிடைத்தால் எவன்தான் பொய் சொல்ல மாட்டான்?

“உண்மையான பாத்தியதை உள்ள மூன்றாம் மனிதனை விசாரிக்காமல் துரத்தலாமா?” என்று சிலர் கேட்பார்கள். கூடாது என்றுதான் நாமும் சொல்லுகிறோம். தலைமுறையாகக் குடியிருக்கும் ஏழையை இரவோடிரவாக வெளியேற்றுவதற்கு நாம் வக்காலத்து வாங்க வரவில்லை. ஆனால் அவனை விசாரிக்க வேண்டிய காலம் தாவாவின் ஆரம்பமேயொழிய முடிவல்ல. ஆரம்பத்திலேயே கமிஷனரை அனுப்பி, நிலத்தில் யார் இருக்கிறார்கள், எல்லை எது என்று எழுதி வாங்கிக் கொள்ளலாம் என்று அதே 2021 தீர்ப்பு வழி காட்டியிருக்கிறது. அப்படிச் செய்தால் மைத்துனன் எங்கிருந்து முளைப்பான்?

ஆகவே நாம் கேட்பது இவ்வளவுதான். கமிஷனர் பார்வையைக் கண்டிப்பாக்குங்கள். தோற்றவன் அனுபவித்த காலத்து வருமானம் முழுவதையும் அவனிடமே வசூலியுங்கள். 3,000 ரூபாய் வரம்பைத் தூக்கி எறியுங்கள். அமீனாவுடன் போலீஸ் போக வேண்டிய நாளைக் கோர்ட்டே குறிக்கட்டும்.

தோழர்களே! “எல்லாம் என் தலைவிதி” என்று அந்த விவசாயி டிக்ரியை மடித்துப் பெட்டியில் வைக்கிறான். விதியுமில்லை, ஒரு மண்ணுமில்லை. இது மனிதர்கள் செய்துவைத்த ஏற்பாடு. மனிதர்களால் மாற்றக்கூடியதுதான். மாற்றாதவரையில், கோர்ட்டு கொடுத்தது நீதியல்ல, முத்திரை குத்திய வெறும் காகிதம் என்றுதான் நாம் சொல்லுவோம்.