சிப்பாய் கையில் பிள்ளை: சிரிப்பு எதற்கு?

ஊமைப் படக் காலத்துக் கேலிச் சரக்குகளில் இதுவும் ஒன்று. சீமான் வீட்டு ஆயா பூங்காவில் பிள்ளையோடு நிற்கிறாள். அவளைத் தேடி ஒரு சிப்பாய் வருகிறான். பிள்ளை அவன் கையில் மாட்டிக்கொள்கிறது. துப்பாக்கி பிடித்த கைக்குப் பிள்ளையைப் பிடிக்கத் தெரியவில்லை. கொட்டகையே சிரிக்கிறது.

ஏன் சிரிக்க வேண்டும்? ஆண்பிள்ளை தூளி ஆட்டினால் கேவலம் என்று டிக்கெட் வாங்கும் முன்பே நம்பியிருக்கிறோம், அதனால்தான். அந்த ஆயாவின் சொந்தப் பிள்ளை அந்நேரம் எங்கே கிடந்தது என்று படம் எடுத்தவன் கேட்கவில்லை.

சார்லி சாப்ளின் 1921இல் எடுத்த 'தி கிட்' படம் வேறு ஜாதி. அதில் பிள்ளையை எடுத்து வளர்ப்பவன் ஒரு பஞ்சைப் பராரி. காப்பிக் கெண்டியைக் கயிற்றில் தொங்கவிட்டு, மூக்கில் ரப்பரை மாட்டிப் பால் ஊட்டுகிறான். நாற்காலியில் ஓட்டை வெட்டி அடியில் பாத்திரம் வைக்கிறான். பாட்டாளியின் கைவேலை அது! சிரிக்கிறோம், ஆனால் அவனை இளப்பமாகப் பார்க்க முடியவில்லை. பிள்ளையை அனாதை விடுதிக்கு இழுத்துப்போக அதிகாரிகள் வரும்போது சிரிப்பு தொண்டையில் நிற்கிறது. சாப்ளினே 1896இல், ஏழு வயதில், லண்டன் ஏழை விடுதியில் அடைபட்டவர். (கம்யூனிஸ்ட் அனுதாபி என்று தூற்றி, 1952இல் அவரை அமெரிக்காவுக்குத் திரும்பவிடாமல் கதவடைத்தார்கள் என்பதையும் நினைவில் வையுங்கள்.)

படம் போகட்டும். நம் நாட்டுச் சட்டமும் அந்தச் சிப்பாய்க் கேலியைத்தான் எழுதி வைத்தது. 50 பெண்களுக்கு மேல் வேலை செய்தால் ஆலையில் குழந்தைகள் காப்பகம் வேண்டும் என்றது 1948ஆம் ஆண்டுத் தொழிற்சாலைச் சட்டம். 1976இல் அது 30 ஆயிற்று. பெண்களை முப்பதோடு நிறுத்திக்கொண்டால் முதலாளிக்குச் செலவு மிச்சம்! கூடவே ஐந்நூறு ஆண்கள் வேலை செய்தாலும், அவர்களில் ஒருவனுக்கும் பிள்ளை இல்லை என்பது சட்டத்தின் கணக்கு. 2017ஆம் ஆண்டு மகப்பேறு சட்டத் திருத்தம் ஆண், பெண் பாராமல் 50 பேர் என்று எண்ணியது. ஆனால் நாளைக்கு நான்கு தடவை காப்பகம் போய்வரும் உரிமையைத் தாய்க்கு மட்டுமே கொடுத்தது. தகப்பன் என்ன, அன்னியனா?

வாலாஜாபாத் வட்டாரத்துக்கு வாருங்கள். நெசவாளி வீட்டில் தறிக்குப் பக்கத்திலேயே தூளி தொங்கும். நடவுக்குப் போகிறவள் வரப்போரத்து மரத்தில் தூளி கட்டுவாள். மரமும் இல்லையென்றால் மூத்த பெண் பள்ளிக்கூடத்தை விட்டுக் காவல் இருக்கும். இவர்களை அந்த ஐம்பதிலும் சேர்க்கவில்லை, முப்பதிலும் சேர்க்கவில்லை.

தோழர்களே, அடுத்த கூலி மனுவில் காப்பகத்தையும் எழுதுங்கள். கடைசி வரியில் அல்ல. தகப்பனுக்கும் அந்த நான்கு தடவையைக் கேளுங்கள். சங்கக் கூட்டத்தில் ஒரு தோழர் சிரிப்பார். அவர் வீட்டில் தூளி ஆட்டுவது யார் என்று அவரையே எழுந்து சொல்லச் சொல்லுங்கள்.